மெசின் சாப்பாடு போடும், பார்க்காது

கோடை விடுமுறை வருகிறது. சுவிசில் பள்ளிக்கூடங்கள் பூட்டினால் எங்கட சனத்தில் கனபேர் ஊருக்குப் போவார்கள். மூன்று கிழமை, நாலு கிழமை, சிலபேர் ஐந்து கிழமை. ரிக்கற் எடுத்தாச்சு, சூட்கேஸ் நிறுத்தாச்சு, சொந்தக்காரருக்குச் சொக்லேற் வாங்கியாச்சு. எல்லாம் முடிந்து கடைசியாகத்தான் வீட்டில் ஒரு கேள்வி வரும். "அப்ப இந்த மீனை என்ன செய்யிறது?"

இந்த வருடம் இதுவரைக்கும் இரண்டு பேர் என்னிடம் கேட்டுவிட்டார்கள். நான் மீன் வைத்தியர் இல்லை. உணவகக் குசினியில் வேலை செய்கிறவன். யாழ் பல்கலைக்கழகத்தில் உயிரியல் படிக்கத் தொடங்கி, 2006இல் பாதை பூட்டி எல்லாம் குழம்பியபோது இரண்டாம் வருடத்தோடு நின்றுபோன படிப்பு என்னுடையது. அந்தப் படிப்பின் மிச்சம் மாதிரி வீட்டில் ஒரு 120 லீற்றர் மீன் தொட்டி பத்து வருடத்துக்கு மேலாக ஓடிக்கொண்டிருக்கிறது. அதனால்தான் கேட்கிறார்கள்.

கேட்கிறவர்களில் இரண்டு கட்சி இருக்கிறது. ஒரு கட்சி, கடையில் நாற்பது ஐம்பது பிராங்குக்கு தானாகச் சாப்பாடு போடும் மெசின் விற்கிறான், வாங்கித் தொட்டிக்கு மேலே கொழுவிவிட்டுப் போனால் சரி என்கிறது. மற்றக் கட்சி, உயிரை மெசினிடம் விட்டுவிட்டுப் போவது பாவம், பக்கத்து வீட்டுக்காரரிடம் திறப்பைக் கொடுத்தால் அவர் அன்பாகப் பார்ப்பார் என்கிறது.

இரண்டு கட்சியிலும் எனக்கு இடம் இல்லை. மீனுக்குச் சாப்பாடு போடுகிற வேலையை மெசினிடம் தாராளமாகக் கொடுக்கலாம். மீனைப் பார்க்கிற வேலையை அதனிடம் கொடுக்க ஏலாது. இந்த இரண்டும் ஒரே வேலை என்று நினைக்கிறதில்தான் பிழை தொடங்குகிறது.

முதலில் பசியைப் பற்றிக் கதைப்போம். நாங்கள் பசி என்றால் என்னவென்று தெரிந்த சனம். வீட்டுக்கு வந்தவர் "காணும்" என்று சொன்ன பிறகும் இன்னொரு அகப்பை போடாவிட்டால் எங்களுக்கு மனம் ஆறாது. அதே கையால்தான் மீனுக்கும் போடுகிறோம். ஆனால் மீனின் உடம்பு எங்கட உடம்பு மாதிரி இல்லை. நாங்கள் தின்கிறதில் பெரும்பகுதி உடம்பை 37 பாகையில் வைத்திருக்கவே எரிந்துபோகிறது. மீனுக்கு அந்தச் செலவு கிடையாது. தண்ணீர் என்ன சூடோ அதுதான் அதன் உடம்புச் சூடு. அதனால் நல்ல சுகமாக இருக்கிற வளர்ந்த மீன் ஒரு கிழமை சாப்பாடு இல்லாமல் இருக்கும், பல வகைகள் இரண்டு கிழமையும் தாங்கும். பாசி படர்ந்த, செடி வளர்ந்த தொட்டியென்றால் அதில் கொறிக்கவும் ஏதாவது இருக்கும். பொரித்த குஞ்சுகள் மட்டும் அப்படித் தாங்காது. அவற்றுக்கு ஒரு நாளில் பல தடவை வேணும்.

தொட்டி மீன் பசியால் சாகிறதை விட மிஞ்சிய சாப்பாட்டால் சாகிறதுதான் அதிகம். தின்னாமல் கிடக்கிற சாப்பாடு அழுகும். அழுகினால் அமோனியா வரும். மீனும் தன் பூ வழியாக அமோனியாவைத்தான் வெளியே விடுகிறது. வடிகட்டியில் குடியிருக்கிற பக்ரீரியாக்களில் ஒரு கூட்டம் அந்த அமோனியாவை நைத்திரைற்று ஆக்கும், இன்னொரு கூட்டம் அதை நைத்திரேற்று ஆக்கும். கடைசியில் வருகிறது அவ்வளவு ஆபத்தில்லை, முதல் இரண்டும் நஞ்சு. இந்தக் கூட்டங்கள் வழமையாக வருகிற அளவுக்கு ஏற்றபடிதான் பெருகியிருக்கும். திடீரென்று மூன்று மடங்கு சாப்பாடு விழுந்தால் அவற்றால் ஈடுகொடுக்க முடியாது. நைத்திரைற்று மீனின் இரத்தத்தில் ஏறினால் இரத்தம் ஒட்சிசனைக் காவ மாட்டாது. தண்ணீரில் காற்று இருந்தும் மீன் மூச்சு முட்டும். தண்ணீரின் பி.எச். கூடக்கூட அமோனியாவின் நஞ்சும் கூடும். சுவிசில் பல இடங்களில் குழாய்த் தண்ணீர் சுண்ணாம்புத் தண்ணீர், பி.எச். ஏழுக்கு மேலே. இங்கே மீன் வைத்திருக்கிறவர்கள் இதை மறக்கக் கூடாது.

இதிலே கோடையும் சேரும். 20 பாகைத் தண்ணீரில் லீற்றருக்குச் சுமார் 9 மில்லிகிராம் ஒட்சிசன் கரையும், 30 பாகையில் சுமார் 7.5தான். நாங்கள் ஊரில் நிற்கிற யூலை, ஓகஸ்ற் மாதத்தில் பூட்டிய வீட்டுக்குள் தொட்டி சூடேறும். மிஞ்சிய சாப்பாடு அழுகவும் ஒட்சிசன் வேணும், மீனுக்கும் வேணும். இருக்கிறதோ குறைவு.

இப்ப பக்கத்து வீட்டுக்காரரிடம் வருவோம். எனக்குத் தெரிந்த ஒரு குடும்பம் மூன்று கிழமைக்குத் திறப்பைக் கொடுத்துவிட்டுப் போனது. பார்த்துக்கொண்டது நல்ல மனுசி. காலையும் பின்னேரமும் வந்து, மீன்கள் கண்ணாடிக்கு ஓடிவருகிறதைப் பார்த்து, "ஐயோ பசிக்குது போல" என்று ஒவ்வொரு தரமும் கொஞ்சம் கூடப் போட்டிருக்கிறார். இவர்கள் திரும்பி வரும்போது தண்ணீர் பால் மாதிரி. பதினொரு மீனில் நாலு மிச்சம். அந்த மனுசியில் நான் குற்றம் சொல்ல மாட்டேன். ஆள் வந்தால் சாப்பாடு வரும் என்று மீன் பழகிவிடும், வயிறு நிரம்பியிருந்தாலும் ஓடி வரும். அது பசியின் அடையாளம் இல்லை என்று அவருக்கு ஒருத்தரும் சொல்லிக் கொடுக்கவில்லை. அதோடு சாப்பாட்டு டப்பாவை முழுசாகக் கையில் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார்கள்.

அளவு என்று வருகிறபோது மெசின் மனுசரை விட நல்லது. அதற்கு இரக்கம் வராது. அன்பு கூடி இன்னொரு கிள்ளுப் போடாது.

ஆனால் அதை அப்படியே நம்பி விடவும் கூடாது. இந்த மெசின்கள் பெரிய விஞ்ஞானம் இல்லை. செதில் மாதிரி உலர்ந்த சாப்பாடு வந்தபிறகுதான் இவை வந்தன. 1950களில் ஜேர்மனியில் உல்ரிக் பேன்ஷ் என்பவர் ரெட்ராமின் என்ற செதில் உணவைக் கொண்டுவர முன்னம், மீன் வளர்க்கிறவர்களில் பெரும்பாலானவர்கள் குளம் குட்டையில் சின்னப் புழுபூச்சி பிடித்துத்தான் போட்டார்கள். அதை மெசினுக்குள் போட ஏலாது. உலர்ந்த சாப்பாடு என்றால் ஒரு உருளைக்குள் நிரப்பி, பக்கத்தில் ஒரு வெட்டு வைத்து, நேரத்துக்கு ஒருதரம் சுழற்றினால் விழும். கடையில் இருக்கிறதில் பெரும்பாலானவை இந்த உருளை வகைதான். இன்னொரு வகையில் வட்டத்தட்டில் 14 சின்ன அறை மாதிரி இருக்கும், ஒவ்வொரு தரமும் ஒரு அறை திறக்கும். இது அளவுக்குத் திறம், ஆனால் அறை முடிந்தால் சாப்பாடும் முடிந்தது.

உருளை வகைக்கு இரண்டு வருத்தம் இருக்கிறது. முதலாவது, அளவு ஒரே மாதிரி விழாது. செதில் உணவு ஒருநாள் பத்துத் துண்டு விழும், மற்ற நாள் ஐம்பது விழும். சின்ன மணி மாதிரியான சாப்பாடு ஓரளவு சீராக விழும். நான் குசினிக்காரன். புது அகப்பை வந்தால் அது எவ்வளவு பிடிக்கிறது என்று அளந்து பார்க்காமல் பரிமாற மாட்டேன். மெசினையும் அப்படித்தான் பார்க்கவேணும். ஒரு வெள்ளைத் தாளுக்கு மேலே பிடித்து ஐந்து ஆறு தரம் சுழல விட்டுப் பாருங்கள். ஒவ்வொரு தரமும் விழுந்ததைப் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் வித்தியாசம் கண்ணுக்கே தெரியும்.

இரண்டாவது ஈரப்பதன். தொட்டித் தண்ணீர் 25 பாகை. ஆவி மேலே எழும்பும், மெசின் அதற்கு மேலேதான் இருக்கிறது. மூன்று நாலு நாளில் சாப்பாடு நமுத்துக் கட்டியாகி வெட்டை அடைத்துவிடும். மெசின் வழமை போலச் சுழலும், ஒன்றும் விழாது. அல்லது ஒருநாள் கட்டி உடைந்து முழுவதும் ஒன்றாக விழும். சில மெசின்களில் இதற்கென்று சின்னக் காற்றாடி வைத்திருக்கிறார்கள், அந்த வகையை வாங்குவது நல்லது. எதை வாங்கினாலும் பயணத்துக்குப் பத்து நாள் முன்னமே கொழுவி, நீங்கள் வீட்டில் நிற்கும்போதே ஓட விட்டுப் பாருங்கள். பயணத்துக்கு முதல்நாள் இரவு பெட்டி உடைத்துப் பொருத்துகிறதும் மெசின் இல்லாமல் போகிறதும் ஒன்றுதான், சிலவேளை இல்லாமல் போகிறது பரவாயில்லை.

விடுமுறைக் கட்டி என்று வெள்ளையாக ஒன்று விற்கிறார்கள். சாந்து மாதிரியான கல்சியம் சல்பேற்றுக் கட்டிக்குள் சாப்பாட்டை வைத்து, கரையக் கரைய வெளியே வரும் என்கிறார்கள். எவ்வளவு வருகிறது என்பது உங்கள் கையில் இல்லை. எனக்கு அதில் விருப்பமில்லை.

கைத்தொலைபேசியால் இயக்குகிற வைபை மெசின்களும் வந்துவிட்டன. யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு சூரிச் வீட்டு மீனுக்குச் சாப்பாடு போடலாம் என்று ஒருத்தர் பெருமையாகக் காட்டினார். நல்லதுதான். ஆனால் அமெரிக்காவில் பெற்நெற் என்ற கொம்பனி நாய் பூனைக்கு இப்படி இணையத்தில் ஓடும் சாப்பாட்டு மெசின் விற்றது. 2016இலும் பிறகு 2020இலும் அவர்களின் சேர்வர் விழுந்து வாடிக்கையாளர்கள் தலையில் கை வைத்தார்கள். பூனை என்றால் சாப்பாடு வராவிட்டால் கத்தும், அடுத்த வீட்டுக்குக் கேட்கும். மீன் கத்தாது. எங்கட வீட்டுக்குள் இருக்கிற உயிர்களில் ஒரு சத்தமும் இல்லாமல் சாகிறது அதுதான். நான் இதை இவ்வளவு நீட்டி எழுதுவதற்குக் காரணமும் அதுதான்.

விடுமுறையை விட்டுவிட்டு நாளாந்தத்துக்கு வருவோம். எங்கட ஆட்களில் கனபேர் உணவக வேலை. மத்தியானம் இரண்டு மணிக்கு விட்டு, பின்னேரம் ஐந்து மணிக்குத் திரும்பக் கூப்பிட்டு, இரவு பதினொன்றுக்கு விடுகிற வேலை. மனுசி வேறு நேரத்தில் துப்புரவு வேலை. அந்த வீட்டில் மீனுக்கு ஒவ்வொரு நாளும் ஒரே நேரத்தில் சாப்பாடு போட ஆள் கிடையாது. அப்படிப்பட்ட வீட்டில் மெசினை நிரந்தரமாக வைப்பதை யாராவது சோம்பேறித்தனம் என்று சொன்னால் நான் சண்டைக்கு வருவேன். நேரம் தவறாமல் கொஞ்சம் கொஞ்சமாக விழுவது, இரவு பன்னிரண்டு மணிக்கு அலுப்போடு வந்து ஒரு பிடி கொட்டுவதை விட மீனுக்கு நல்லது. தங்கமீனுக்கு இரைப்பையே இல்லை, குடல் மட்டும்தான். அதற்குச் சிறிது சிறிதாகப் பல தடவை என்பதுதான் இயல்பு.

அந்த மெசின் வந்த பிறகு வீட்டில் ஒருத்தரும் தொட்டிக்குப் பக்கத்தில் போவதில்லை என்பதுதான் எனக்குப் பிரச்சினை. சாப்பாடு போடுகிற அந்த இரண்டு நிமிடத்தில் நாங்கள் என்னவெல்லாம் பார்க்கிறோம் என்று யோசித்துப் பாருங்கள். எது வரவில்லை? எது மூலையில் செட்டையை ஒடுக்கிக்கொண்டு நிற்கிறது? எது வாயில் எடுத்துத் துப்புகிறது? உடம்பில் உப்புத் தூவினது மாதிரி வெள்ளைப் புள்ளி இருக்கிறதா? அந்த வெள்ளைப்புள்ளி நோய் ஒரு ஒட்டுண்ணியால் வருவது. 25 பாகையில் அதன் சுற்று ஒரு கிழமையளவில் முடிந்து, ஒன்று நூற்றுக்கணக்காகப் பெருகி மற்ற மீன்களைத் தேடிப் போகும். முதல் புள்ளியிலேயே கண்டால் காப்பாற்றலாம். ஒரு கிழமை கழித்துக் கண்டால் எண்ணிப் புதைக்கலாம். வடிகட்டி நின்றுபோனதும் அப்படித்தான். ஓட்டம் நின்று சில மணித்தியாலத்தில் அதற்குள் இருக்கிற பக்ரீரியாக்கள் மூச்சுமுட்டிச் சாகத் தொடங்கும். மெசினோ பாட்டுக்கு நேரத்துக்குச் சாப்பாடு போட்டுக்கொண்டிருக்கும். செத்த மீனுக்கும் போடும்.

குசினியில் எங்களுக்கு இது பழக்கம். சாப்பாடு போட்டு அனுப்புவது பாதி வேலை. திரும்பி வருகிற கோப்பையைப் பார்ப்பது மற்றப் பாதி. ஒரே நாளில் மூன்று கோப்பையில் இறைச்சி அப்படியே திரும்பி வந்தால், ஒருத்தர் சொல்லாமலே எங்களுக்குத் தெரியும், ஏதோ பிழை. மெசினுக்குத் திரும்பி வருகிற கோப்பை கிடையாது. அது அனுப்பிக்கொண்டே இருக்கும்.

காசுக்காக மீன் வளர்க்கிறவர்களுக்கு இது நன்றாக விளங்கியிருக்கிறது. நோர்வேயில் சல்மன் பண்ணைகளில் ஒரு மிதவையில் இருந்து குழாய் வழியாகக் காற்றால் ஊதி, கடலில் இருக்கிற வலைக்கூடுகளுக்கு மெசின்தான் சாப்பாடு அனுப்புகிறது. ஆனால் கூட்டுக்குள் கமரா இருக்கும், அதை ஒரு ஆள் பார்த்துக்கொண்டிருப்பார். தின்னாத மணிகள் கீழே விழத் தொடங்கினால் நிற்பாட்டுவார்கள். சல்மன் வளர்ப்பில் மிகப் பெரிய செலவு சாப்பாடுதான், அதனால் கண்ணை எடுக்க மாட்டார்கள். சில ட்ரவுட் பண்ணைகளில் தண்ணீருக்குள் ஒரு கம்பி தொங்கும், மீனே வந்து அதை இடித்தால்தான் சாப்பாடு விழும். அங்கே மீனிடமே கேட்டுப் போடுகிறார்கள். எங்கட நாற்பது பிராங் மெசின் மட்டும்தான் ஒருத்தரிடமும் கேட்காமல் போடுகிறது.

சுவிஸ் சட்டமும் இதைத்தான் சொல்கிறது. 2008 செப்ரெம்பரில் நடைமுறைக்கு வந்த விலங்குப் பாதுகாப்பு ஒழுங்குவிதி மீனுக்கும் பொருந்தும். தங்கமீனைத் தனியாக வைத்திருக்கக் கூடாது என்று அதில் வந்தபோது எங்கட ஆட்கள் கடைகளில் நின்று சிரித்தார்கள். "எங்களுக்கு விசா இல்லை, மீனுக்குச் சோடி வேணுமாம்." சிரிப்பு நியாயமானது. ஆனால் அதே விதியில் இன்னொன்றும் இருக்கிறது. விலங்கை வைத்திருக்கிறவர் அதன் சுகத்தையும், அது இருக்கிற இடத்தின் உபகரணங்களின் நிலையையும் தேவையான அளவுக்கு அடிக்கடி பார்க்கவேணும். மெசினை வைத்துவிட்டேன் என்பது சட்டத்துக்கும் பதில் இல்லை.

வேலையிடத்தில் ஒருத்தர் கேட்டார். "அண்ணை, நீங்கள் ஒரு நாளைக்கு எத்தனை கிலோ மீன் வெட்டுறியள்? பேந்தென்ன வீட்டு மீனுக்கு இவ்வளவு கவலை?" நல்ல கேள்விதான். நான் மீன் தின்கிறவன், வெட்டுகிறவன். அதை ஒளிக்கத் தேவையில்லை. ஆனால் சாப்பாட்டுக்கு ஒரு மீனைக் கெதியாகக் கொல்வதும், ஒரு மீனைக் கண்ணாடிப் பெட்டிக்குள் அடைத்து வைத்துவிட்டு அழுகின தண்ணீரில் நாலு நாளாக மூச்சு முட்ட விடுவதும் ஒன்று இல்லை. இரண்டாவதால் ஒருத்தருக்கும் வயிறு நிரம்பாது.

இன்னொருத்தர் சொன்னது, "ஊரில கிணத்துக்க மீன் விட்டம், ஆர் அதுக்குச் சாப்பாடு போட்டது?" உண்மை. நுளம்புக்குடம்பி தின்னட்டும் என்று கிணற்றில் கப்பி விட்டார்கள், அது தன்பாட்டில் பெருகியது. கிணறு என்பது ஆயிரக்கணக்கான லீற்றர், குளிர்ந்த தண்ணீர், நாளாந்தம் இறைத்து ஊறுகிற தண்ணீர், குடம்பியும் பாசியும் தாராளம். 60 லீற்றர் தொட்டியில் அதில் ஒன்றும் இல்லை. அதற்குள் வருகிறது எல்லாம் நாங்கள் போட்டது, போகிறது எல்லாம் நாங்கள் எடுத்தது. கிணற்றுக்கு நாங்கள் பொறுப்பு இல்லாமல் இருந்திருக்கலாம். தொட்டிக்கு அப்படி இருக்க ஏலாது.

ஆகவே கேட்டவர்களுக்கு நான் சொன்னது இதுதான். ஒரு கிழமை என்றால் வளர்ந்த மீனுக்கு ஒன்றும் வேண்டாம். இரண்டு நாள் முன்னம் கால்வாசித் தண்ணீர் மாற்றிவிட்டு, விளக்கை ரைமரில் போட்டுவிட்டுப் போங்கள். இரண்டு கிழமை என்றால் மெசினை வழமையான அளவில் பாதிக்கும் குறைவாக வையுங்கள், புதுப் பற்றரி போடுங்கள், இடையில் இரண்டு தரமாவது ஒருத்தர் வந்து பார்க்கட்டும். மூன்று கிழமைக்கு மேலே என்றால் மெசினும் வேணும், கிழமைக்கு இரண்டு தரம் வருகிற ஆளும் வேணும். அந்த ஆளிடம் சாப்பாட்டு டப்பாவைக் கொடுக்காதீர்கள். கட்டாயம் கொடுக்கவேண்டி வந்தால் நாளுக்கு ஒன்றாகத் தாளில் மடித்துத் திகதி எழுதிக் கொடுங்கள். அவருடைய வேலை மீனை எண்ணுவது, வடிகட்டிச் சத்தம் கேட்கிறதா என்று பார்ப்பது, சூடுமானியைப் பார்ப்பது, மெசின் அடைத்துவிட்டதா என்று பார்ப்பது, ஒரு படம் எடுத்து உங்களுக்கு அனுப்புவது. ஐந்து நிமிட வேலை.

வீட்டில் எட்டுப் பத்து வயதுப் பிள்ளை இருந்தால், நாளாந்தச் சாப்பாட்டை அந்தப் பிள்ளையிடமே விடுங்கள், மெசினை விடுமுறைக்கு வையுங்கள். பிள்ளை ஒருநாள் மறக்கும். மறந்தால் மீன் சாகாது. ஆனால் "அப்பா, அந்த நீலம் இண்டைக்கு வரேல்லை" என்று ஒருநாள் வந்து சொல்லும். எந்த மெசினும் இன்றுவரை அதைச் சொன்னதில்லை.

ஊருக்குச் சந்தோசமாகப் போய்வாருங்கள். மெசினை எந்தக் கடையில் வாங்குகிறது என்று தேடுகிற நேரத்தில், திறப்பை ஆரிடம் கொடுக்கிறது என்பதையும் சேர்த்து யோசியுங்கள்.